கோடு கிழித்தவளும் தாள் கிழித்தவரும்

முதலியார்பேட்டையில் நாம் குடியிருக்கும் தெருவுக்கு அடுத்த தெருவில் ஒரு சிறிய வீடு. அந்த வீட்டுக்காரர் கடலூர்ச் சாலையிலுள்ள ஏ.எஃப்.டி. ஆலையில் - பழையவர்கள் வாயில் இன்றும் அது ரோடியர் மில்தான் - பாவு ஓட்டும் பகுதியில் இருபத்தாறு ஆண்டுகள் வேலை பார்த்தவர். 2011ஆம் ஆண்டு டிசம்பர்க் கடைசியில் அடித்த தானே புயலில் அந்த ஆலை சிதைந்தது. அதன்பின் நிமிரவேயில்லை, 2020இல் மூடியே விட்டார்கள். ஆலைச் சங்கொலி கேட்டுப் பொழுதறிந்த பேட்டை இப்போது கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொள்கிறது.

அந்தத் தொழிலாளியின் மகள் பன்னிரண்டாம் வகுப்பில் நல்ல மதிப்பெண்களோடு தேறியிருக்கிறாள். ஆற்றுப்பாலத்தைக் கடந்தால் அரியாங்குப்பம். அங்கே பாரதியார் பல்கலைக்கூடம். அதில் சேர்ந்து ஓவியக்கலை படிக்க வேண்டுமென்பது அவளுடைய ஆசை. விண்ணப்பத்தை நிரப்பி அத்தாவின் கையொப்பத்துக்குக் கொடுத்தாள். அவர் மார்க்கப் பற்றுள்ள மனிதர். கையொப்பமிடுமுன் கேட்டுக்கொள்வோமே என்று, அஸர் தொழுகைக்குப் பின் பள்ளிவாசல் திண்ணையில் அமர்ந்திருந்த ஒரு பெரியவரிடம் தாளை நீட்டியிருக்கிறார். பெரியவர் தலைப்பை மட்டும் படித்தார். “படம் எழுதுகிறவனுக்கு நரகம் என்று ஹதீஸிலே இருக்கிறது. பெண்பிள்ளையை அதற்கா அனுப்பப் போகிறீர்?” என்று கேட்டார். கேட்டதோடு நிற்கவில்லை. தாளை இரண்டாகக் கிழித்து அவர் கையிலேயே கொடுத்துவிட்டார்.

அன்றிரவு இஷாவுக்குப் பின் அந்தத் தந்தை நம் வீட்டுக்கு வந்தார். கிழிந்த இரு துண்டுகளையும் சட்டைப்பையில் மடித்து வைத்திருந்தார். “ஹஜ்ரத், பெரியவர் சொன்னது சரியா?” என்று மட்டும் கேட்டார். அவர் குரலில் கோபமில்லை. அதுதான் நம்மை உறுத்தியது. கோபப்பட வேண்டிய இடத்தில் கோபப்படத் தெரியாதவர்கள் சார்பில் கோபப்பட வேண்டியது ஓதியவர்களின் கடமை. ஆகவே இக்கட்டுரை.

பெரியவர் சொன்ன ஹதீஸ் பொய்யன்று. உருவம் அமைப்போர் பற்றிய கடுமையான எச்சரிக்கைகள் ஸஹீஹான நூல்களில் இருக்கின்றன. அவற்றை மழுப்புவதற்கு நாம் வரவில்லை. ஆனால் ஹதீஸின் முதற்பாதியைச் சொல்லிப் பிற்பாதியை விழுங்குவது என்ன நியாயம்? இமாம் புகாரி அவர்கள் வணிகம் பற்றிய பகுதியில், உயிரில்லாதவற்றின் படங்களை விற்பது குறித்தே தனித் தலைப்பிட்டு ஒரு செய்தியைப் பதிவு செய்திருக்கிறார்கள். கைத்தொழிலாகப் படம் எழுதிப் பிழைக்கும் ஒருவர் இப்னு அப்பாஸ் (ரலி) அவர்களிடம் வருகிறார். அவர்கள் அண்ணலார் (ஸல்) அவர்களிடம் தாம் கேட்ட எச்சரிக்கையை எடுத்துச் சொல்கிறார்கள். வந்தவர் முகம் வெளிறிப் போகிறது. அதைக் கண்டதும் இப்னு அப்பாஸ் (ரலி) அவர்கள் என்ன செய்தார்கள்? அவருடைய தூரிகையை முறித்தார்களா? இல்லை, தொழிலைத்தான் செய்தாக வேண்டுமென்றால் மரத்தை எழுது, உயிரில்லாத பொருள்களை எழுது என்று வழி காட்டினார்கள். கேட்டவரின் வயிற்றையும் நினைத்தார்கள், மறுமையையும் நினைத்தார்கள். ஹிஜ்ரி 676இல் மறைந்த இமாம் நவவி அவர்கள் ஸஹீஹ் முஸ்லிமுக்கு எழுதிய விரிவுரையில், உயிருள்ளவற்றின் உருவத்தைக் கண்டிப்பாகத் தடுத்த அதே மூச்சில், மரம் முதலிய உயிரில்லாதவற்றை எழுதுவது ஹராமன்று என்றும் எழுதியிருக்கிறார்கள். நம் தமிழகத்துக் கடற்கரை ஊர்களில் பெரும்பாலும் பின்பற்றப்படும் ஷாபிஈ மத்ஹபின் தூண் அவர்கள். திண்ணைப் பெரியவரின் மத்ஹப் எதுவென்று நமக்குத் தெரியவில்லை.

“கல்லூரிக்குப் போனால் மரம் மட்டுமா எழுதச் சொல்வார்கள்? மனித உருவமும் எழுதச் சொல்வார்களே?” என்று கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். எதிர்த்தரப்பில் இருக்கும் ஒரே வலுவான கேள்வியும் இதுதான். பயிற்சிக்காக எழுதுவதன் சட்டம் என்ன, முழு உருவம் என்ன, குறை உருவம் என்ன என்றெல்லாம் உலமாக்கள் நூற்றாண்டுகளாக ஆய்ந்திருக்கிறார்கள். உட்கார்ந்து பேசலாம், கல்லூரி ஆசிரியரிடம் சென்று, எதை எழுத இயலும் எதை இயலாது என்று கேட்டு வரலாம். ஆனால் ஒன்று கேட்போம். இதே பெரியவரின் பேரன் மருத்துவக் கல்லூரியில் படிக்கிறான். எலும்பும் தசையும் இதயமுமாக மனித உடம்பைக் குறிப்பேடு நிறைய வரைந்து வருகிறான். அந்தக் குறிப்பேட்டை யாரும் திண்ணையில் வைத்துக் கிழிக்கவில்லை. ஊருக்கெல்லாம் மிட்டாய் கொடுத்தார்கள். நிக்காஹ் மஜ்லிஸில் மணமகனுக்கு முன்னால் நிழற்படக்காரரும் பின்னால் வீடியோக்காரரும் நிற்க, நடுவே இடம் கிடைத்தால்தான் நாம் குத்பா ஓதுகிறோம். பெருநாள் வாழ்த்துப் பதாகையில் பிரமுகர்கள் தங்கள் முகத்தை ஆளுயரத்துக்கு அச்சிட்டுச் சாலையோரத்தில் நிறுத்துகிறார்கள். அங்கெல்லாம் நினைவுக்கு வராத ஹதீஸ், ஓர் ஏழைத் தொழிலாளியின் மகள் பென்சிலை எடுத்தபோது மட்டும் ஏன் நினைவுக்கு வருகிறது?

அந்தத் தந்தைக்கு நாம் அன்றிரவு ஹதீஸ் விளக்கம் மட்டும் சொல்லி அனுப்பவில்லை. பஹ்ரைனில் பணிபுரியும் நம் பழைய மாணவர் ஒருவர் விடுமுறையில் வந்தபோது தந்த ஒரு பெரிய படநூல் அலமாரியில் இருந்தது. அதை எடுத்து அவர் முன் விரித்தோம். நஸ்ரீன் முகம்மதி என்ற ஓவியரின் படைப்புகள் அடங்கிய நூல் அது.

இந்தப் பெயரை நம் வாசகர்களில் எத்தனை பேர் கேட்டிருப்பார்கள்? முஸ்லிம் ஓவியர் என்றால் நம்மவர்க்கு உசேன் ஒருவர்தான் தெரியும். அதுவும் அவர் ஓவியத்தால் அன்று, வழக்குகளால். 2006இல் அவர் நாட்டை விட்டுப் போனதும், 2011இல் லண்டனில் மறைந்ததும் செய்தியாயின. சத்தம் எழுந்த இடத்தில் நாமும் காது கொடுத்தோம். சத்தமே இல்லாத ஒருவர் அதே பம்பாயில், அதே காலத்தில் வாழ்ந்தார். 1990 மே மாதம் 14ஆம் நாள், பம்பாய்க்கு அக்கரையிலுள்ள கிஹிம் என்ற கடலோரச் சிற்றூரில் தமது ஐம்பத்து மூன்றாம் வயதில் மறைந்தார். அந்த ஆண்டின் நம் சமுதாய இதழ்களில் நம்மிடம் தொகுப்பாக இருப்பவற்றைப் புரட்டினோம். ஒரு வரி இல்லை.

நஸ்ரீன் 1937இல் கராச்சியில் பிறந்தார். சுலைமானி போஹ்ராப் பிரிவைச் சேர்ந்த, கல்வியில் முந்திய குடும்பம். சிறு வயதிலேயே தாயை இழந்தார். குடும்பம் 1944இல் பம்பாய்க்கு வந்தது. தந்தையாருக்குப் பஹ்ரைனில் நிழற்படக் கருவிகள் விற்கும் வாணிபம் இருந்தது. மகள் ஓவியம் படிக்க வேண்டும் என்றபோது அந்தத் தந்தை தாளைக் கிழிக்கவில்லை. 1954இல் லண்டன் செயின்ட் மார்ட்டின்ஸ் ஓவியப் பள்ளிக்கு அனுப்பி வைத்தார். பிறகு பஹ்ரைனில் சில காலம். பம்பாய்க்குத் திரும்பிப் பூலாபாய் தேசாய் நிலையத்தில் கெய்தொண்டே முதலிய ஓவியர்களோடு பழகிய காலம் சில ஆண்டுகள். 1961 முதல் 1963 வரை பிரெஞ்சு அரசின் உதவித்தொகையில் பாரிஸில் படிப்பு. 1972இல் பரோடா மகாராஜா சயாஜிராவ் பல்கலைக்கழகத்தின் நுண்கலைப் பிரிவில் ஆசிரியப் பணியேற்றார். மறையும் வரை, ஏறக்குறைய பதினெட்டு ஆண்டுகள், அங்கேதான் கற்பித்தார்.

பாரிஸ் என்றதும் ஒன்று சொல்லாமல் இருக்க முடியவில்லை. நம் புதுச்சேரிக்காரர்களுக்குப் பாரிஸ் புதிதன்று. பிரெஞ்சுக் குடியுரிமையும் பிரெஞ்சு ஓய்வூதியமும் எந்தெந்த வீட்டில் இருக்கின்றன என்பது தெருப்பிள்ளைகளுக்குக் கூடத் தெரியும். பெண் பார்க்கும்போது முதலில் விசாரிப்பதே அதைத்தான். அதே பிரான்சுக்கு 1950இல் சையத் ஹைதர் ரஸா போனார். புள்ளியும் வட்டமும் முக்கோணமுமாக எழுதி உலகப் பெயர் பெற்றார். 2016இல் மறைந்தபோது, தம் விருப்பப்படி மத்தியப் பிரதேசத்து மண்டலாவில் தந்தையாரின் கபுருக்கு அருகிலேயே அடக்கப்பட்டார். நஸ்ரீன் பிறந்த அதே 1937இல், அலிகரில் வரலாற்றுப் பேராசிரியர் ஒருவரின் மகளாகப் பிறந்தார் ஜரீனா.  அலிகர் முஸ்லிம் பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்த ஜரீனா பின்னர் பாரிஸில் அச்சோவியம் கற்றார். பிறந்த வீட்டின் தரைப்படத்தையும், உருதுச் சொற்களையும், நாடு பிரிந்த கோட்டையும் மரத்தில் செதுக்கி அச்செடுத்து, 2020இல் லண்டனில் மறைந்தார். பாரிஸ் இவர்களுக்கும் கதவைத் திறந்தது. நாம் அந்தக் கதவில் ஓய்வூதியம் வாங்குவதோடு நின்றுகொண்டோம்.

இனி, நஸ்ரீன் எழுதியது என்ன? தொடக்கத்தில் செடி, கொடி, கடற்கரை போலத் தோன்றும் மைக் கறைகள். எழுபதுகளில் அவையும் போயின. வெறும் கோடுகள் நின்றன. நேராகவும் குறுக்காகவும், சில இடங்களில் நெருங்கியும் சில இடங்களில் விலகியும், மயிரிழை போன்ற மைக்கோடுகளும் பென்சில் கோடுகளும். எண்பதுகளில் கோடுகள் சாய்ந்தன. சாய்ந்து சாய்ந்து, கடைசி ஆண்டுகளில் வெள்ளைத் தாளின் நடுவே ஒரு முக்கோணமும் ஒரு வளைவும் மட்டும் மிதந்தன. கட்டடக் கலைஞர் பயன்படுத்தும் வரைமேசையும் அளவுகோலும் மைக்கருவியுமே அவருடைய ஆயுதங்கள். மனிதர் இல்லை, விலங்கில்லை, பறவையில்லை. படங்களுக்குப் பெயர் வைக்கவில்லை. பெரும்பாலானவற்றில் ஆண்டும் குறிக்கவில்லை. நாட்குறிப்புகள் எழுதினார். அவற்றில்கூடப் பல பக்கங்களில் சொற்களின் மேல் கோடிட்டு, பட்டையாகக் கறுப்படித்து, எழுத்தையே படமாக்கி வைத்தார். சொல்ல வந்ததைக் குறைத்துக் குறைத்து, குறைக்க முடியாத இடத்தில் போய் நிற்க வேண்டுமென்ற வேட்கை அந்தக் குறிப்புகளெங்கும் தெரிகிறது.

பெரியவர் அவர்களே! இப்னு அப்பாஸ் (ரலி) அவர்கள் உயிரில்லாததை எழுது என்றார்கள். இந்தப் பெண் மரத்தையும்கூட விட்டுவிட்டார். இவர் கிழித்த கோட்டில் எந்தக் கோட்டுக்கு மறுமையில் உயிர் கொடுக்கச் சொல்வார்கள் என்று நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

நாம் நூலைப் புரட்டிக்கொண்டே போனோம். அந்தத் தொழிலாளி மரியாதைக்காகப் பார்த்துக்கொண்டிருந்தார். நஸ்ரீன் நிழற்படங்களும் எடுத்தவர். வாழ்நாளில் அவற்றைக் காட்சிக்கு வைக்கவேயில்லை. சாலையில் போட்ட வெள்ளைக் கோடு, பதேபூர் சிக்ரியின் கல்தளம், கடலலை பின்வாங்கிய மணல், தறியில் இழுத்துக் கட்டிய நூல் - இவைதான் அவர் படமெடுத்தவை. அந்த நூல் படம் வந்ததும் நம் நண்பர் நிமிர்ந்து உட்கார்ந்தார். விரலை வைத்தார். “இது பாவு, ஹஜ்ரத்” என்றார். பிறகு தாமாகவே முந்தின பக்கங்களைத் திருப்பினார். மைக்கோட்டு ஓவியங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார். “இதுவும் பாவுதான். இங்கே இழுப்புச் சரியாக இருக்கிறது. இங்கே வேண்டுமென்றே தளர்த்தியிருக்கிறார். இழை அறுந்தது போல இருக்கிறது, ஆனால் அறவில்லை.” இருபத்தாறு ஆண்டுகள் இழையைப் பார்த்த கண் அது. கலை விமரிசகர்கள் பத்துப் பக்கம் எழுதியும் நமக்கு விளங்காதிருந்த ஒன்று அன்று விளங்கியது.

அப்போது நமக்கும் ஒரு பழைய நினைவு வந்தது. நாம் மதரஸாவில் ஓதிக்கொண்டிருந்தபோது நம் உஸ்தாத் அவர்கள் ஒரு பழைய மிஸ்தரை எடுத்துக் காட்டினார்கள். அச்சு வருமுன் கிதாபுகளைப் பெயர்த்தெழுதியவர்கள் பயன்படுத்திய கருவி அது. ஓர் அட்டையில் சமதூரத்தில் துளையிட்டு நூலை இழுத்துக் கட்டியிருப்பார்கள். அதன்மேல் தாளை வைத்துக் கட்டைவிரலால் அழுத்தித் தேய்த்தால் நூலின் தடம் தாளில் பதியும். மையில்லாத கோடு, வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தால்தான் தெரியும். அந்தக் கோட்டின் மேல்தான் திருமறையையும் ஹதீஸையும் பிக்ஹையும் எழுதினார்கள். எழுதி முடித்தபின் அந்தக் கோட்டை யாரும் பார்ப்பதில்லை. நஸ்ரீனின் தாள்களைப் பார்க்கும்போது, எழுத்து வருவதற்கு முந்திய அந்தத் தாள்தான் நம் கண்ணில் நிற்கிறது. இது நம் எண்ணம். அவர் மிஸ்தரைப் பார்த்தாரென்று நாம் சொல்லவில்லை.

கோட்டை இழிவாக நினைப்பவர்கள் நம் சொந்த வரலாற்றையே அறியாதவர்கள். ஹிஜ்ரி 328இல் மறைந்த இப்னு முக்லா பக்தாதில் வஸீராக இருந்தவர். பேனா முனை பதிக்கும் புள்ளியை அளவாகக் கொண்டு அலிபின் நீளத்தை வகுத்தவர். அந்த அலிபை விட்டமாகக் கொண்ட வட்டத்துக்குள் மற்ற எழுத்துகளின் அளவுகளை அடக்கியவர். அரசியல் சூழ்ச்சியில் அவருடைய வலக்கையைத் துண்டித்தார்கள். எஞ்சிய முழங்கையில் நாணற்பேனாவைக் கட்டிக்கொண்டு எழுதினார் என்று சரித்திரக்காரர்கள் கூறுகின்றனர். நஸ்ரீனுக்கும் எண்பதுகளில் நரம்பும் தசையும் தளரும் நோய் முற்றியது. நடை தடுமாறியது, கை தன் வசத்தில் நில்லாமல் ஆடியது. அந்தக் கையால்தான் கடைசிக் காலத்தின் அந்தப் பிசிறில்லாத கோடுகளைக் கிழித்தார். ஆரோக்கியமான கையுள்ளவர்கள் அளவுகோலை வைத்து ஒரு தாளில் நூறு கோடுகளைச் சமதூரத்தில் கிழித்துப் பார்க்கட்டும். இருபதாவது கோட்டில் நம் கை நடுங்கியது. பொய்யில்லை, கிழித்துப் பார்த்தோம்.

தொலைவு போவானேன்? நம் பத்தமடைப் பாயை எடுத்துக்கொள்ளுங்கள். கோரையை மெல்லியதாகக் கீறி, ஊறவைத்து, சாயமேற்றி, பட்டுப்போல் நெய்கிறார்களே, அவர்கள் யார்? நம் வீட்டுப் பெண்கள். கோடும் கட்டமும் தவிர அதில் என்ன இருக்கிறது? நிக்காஹுக்கு மணமக்கள் பெயரை நெய்து தரும் பாயை வாங்கி விரித்துப் பெருமைப்படுகிறோம். அதே கோட்டைப் பாயிலிருந்து தாளுக்கு மாற்றினால் மார்க்கம் போய்விடுமா? பாய்க்காரி வேண்டும், ஓவியர் வேண்டாம் என்றால், நமக்கு உறுத்துவது படமன்று. கூலிக்கு நெய்தவள் தன் பெயரோடு நிமிர்ந்து நிற்பதுதான்.

இன்னொரு தரப்பையும் விட்டுவைக்க நமக்கு மனமில்லை. மறைந்த பிறகுதான் நஸ்ரீனைப் பெருநகரங்கள் கொண்டாடின. 2007இல் ஜெர்மனியின் காஸல் நகரில் நடந்த டாக்குமெண்டா கண்காட்சியில் வைத்தார்கள். 2013இல் டில்லியில் கிரண் நாடார் கலைக்கூடம் விரிவான காட்சி நடத்தியது. 2015இல் மத்ரீத் நகரின் ரெய்னா சோபியா. 2016 மார்ச்சில் நியூயார்க்கின் மெட்ரோபாலிடன் கலைக்கூடம் தன் புதிய கிளையைத் திறந்தபோது தொடக்கக் காட்சிகளில் ஒன்றாக நஸ்ரீனையே வைத்தது. (அந்தக் கிளையும் நம் ரோடியர் மில்லைப் போலவே 2020இல் மூடப்பட்டுவிட்டது.) மகிழ்ச்சிதான். ஆனால் எழுதியவர்கள் என்ன எழுதினார்கள்? இவர் கோட்டைக் கண்டதும் அமெரிக்காவின் ஆக்னஸ் மார்ட்டினைச் சொன்னார்கள். ரஷ்யாவின் மாலேவிச்சைச் சொன்னார்கள். ஜப்பானின் ஜென் தத்துவத்தைச் சொன்னார்கள். ஒப்பிடுவது தவறில்லை, நஸ்ரீனே பல நாட்டு நூல்களைப் படித்தவர். ஆனால் கீழைத் தேசத்தவர் ஒருவர் நேர்க்கோடு கிழித்தால் அது எங்கிருந்தோ கடன் வாங்கியதாகத்தான் இருக்க வேண்டும் என்ற எண்ணம் இருக்கிறதே, அதைத்தான் கேட்கிறோம். சிக்ரியின் தளத்திலும் பாலைவனத்தின் அடிவானத்திலும் தறியின் பாவிலும் நின்று பார்த்த கண்ணுக்குக் கோடு இரவலா?

இதைச் சொன்னதும் நம்மில் சில இளைஞர்கள் மறுமுனைக்குத் தாவுவார்கள் என்பதும் தெரியும். “அப்படியானால் இவர் இஸ்லாமிய ஓவியர், இவர் எழுதியது தவ்ஹீது” என்று மேடையில் முழங்குவார்கள். வேண்டாம். அவர் அப்படிச் சொல்லிக்கொண்டதாக நாம் படித்த எதிலும் இல்லை. சொல்லாததை இறந்தவர் வாயில் வைப்பது அமானிதத் துரோகம். அவர் மணம் செய்துகொள்ளாமல் வாழ்ந்தார், தனியே பல நாடுகளுக்குப் போனார், நம் வீட்டு வழக்கங்களின்படி வாழவில்லை என்று சிலர் குறை சொல்வார்கள். போஹ்ராக்களுக்கும் நமக்கும் கொள்கை வேறுபாடு உண்டு என்றும் சிலர் நினைவூட்டுவார்கள். எல்லாம் உண்மையாக இருக்கட்டும். ஒருவருடைய கணக்கு அவருடைய ரப்பிடம் இருக்கிறது. வாழ்க்கை முழுவதையும் பின்பற்று என்று அந்தப் பெண்ணிடம் யாரும் சொல்லவில்லை. கோட்டைப் பார் என்றுதான் சொன்னோம். அல்ஜீப்ராவைக் கற்றுக்கொடுக்கும்போது ஆசிரியரின் நிக்காஹ் பதிவேட்டையா கேட்கிறோம்?

“இதெல்லாம் வசதியுள்ள வீட்டுப் பிள்ளைகளுக்கு, மில் தொழிலாளியின் மகளுக்குச் சோறு போடுமா?” என்று அந்தப் பெண்ணின் பெரியத்தா கேட்டனுப்பினார். நேர்மையான கேள்வி. நஸ்ரீனுக்குப் பின்னால் வாணிபக் குடும்பம் இருந்தது. இவளுக்குப் பின்னால் மூடிய ஆலைதான் இருக்கிறது. அதை மறைக்க மாட்டோம். ஆனால் நஸ்ரீனும் ஓவியம் விற்றுப் பிழைக்கவில்லை. ஆசிரியர் சம்பளத்தில் வாழ்ந்தார். படித்து முடித்தால் பள்ளிக்கூடத்தில் ஓவிய ஆசிரியை ஆகலாம். துணிக்கு வடிவம் வரையலாம். புத்தகத்துக்கு அட்டை எழுதலாம். உத்தரவாதம் உண்டா என்றால் இல்லை. நம் தெருவிலேயே கடன் வாங்கிப் பொறியியல் படித்துவிட்டு வீட்டுக்கு வீடு உணவுப் பொட்டலம் கொண்டுபோகும் பிள்ளைகள் மூவர் இருக்கிறார்கள். அவர்களுக்கு யார் உத்தரவாதம் கொடுத்தது? அவர்கள் விண்ணப்பத்தை யாரும் கிழிக்கவில்லையே.

நமக்கு உண்மையில் வலிப்பது வேறொன்று. அந்தப் பெண் என்ன எழுதுகிறாள் என்று இதுவரை ஒருவர்கூடக் கேட்கவில்லை. பெரியவர் கேட்கவில்லை, பெரியத்தா கேட்கவில்லை, வெட்கத்தோடு சொல்கிறோம், நாமும் முதல் நாள் கேட்கவில்லை. மறுநாள் அவளுடைய அம்மா ஒரு பள்ளிக்கூட நோட்டைக் கொடுத்தனுப்பினார். திறந்து பார்த்தோம். மூடிய ஆலையின் மதிற்சுவர். அதில் மழைநீர் இறங்கிய தடம். உப்பாற்றின் கறுத்த நீரில் மின்கம்பியின் நிழல். கொடியில் காயும் துப்பட்டாவின் மடிப்பு, துப்பட்டா இல்லாமல் மடிப்பு மட்டும். பதினேழு வயதுப் பெண்ணின் கை. சில பக்கங்கள் தடுமாறுகின்றன, சில பக்கங்களில் அழிப்பான் தேய்த்துத் தாளே ஓட்டையாகியிருக்கிறது. நோட்டு முழுவதிலும் ஓர் உருவம் இல்லை. யாரும் சொல்லிக் கொடுக்காமலே, எந்த ஹதீஸும் கேட்காமலே, அவள் போய் நின்றிருப்பது இப்னு அப்பாஸ் (ரலி) அவர்கள் காட்டிய எல்லைக்குள்தான். அவளைத்தான் நரகத்தைக் காட்டி அச்சுறுத்தினார்கள்.

நஸ்ரீனின் நூலை அவளுக்குக் கொடுத்தனுப்பியிருக்கிறோம். நோட்டை இன்னும் திருப்பிக் கொடுக்கவில்லை, காரணம் இருக்கிறது. புதிய விண்ணப்பத்தாள் வாங்கப்பட்டுவிட்டது. அத்தா கையொப்பமிடத் தயாராக இருக்கிறார். ஆனால் பெரியவர் மனம் நோக இடுவதற்கு அவருக்கு மனம் வரவில்லை. அத்தகைய மனிதர் அவர். எனவே பெரியவர் அவர்களுக்கு இவ்விதழ் வாயிலாகவே தெரிவித்துக்கொள்கிறோம். வரும் வெள்ளிக்கிழமை அஸர் தொழுகைக்குப் பின் அதே திண்ணையில் நாம் அமர்ந்திருப்போம். புகாரியும் நவவியின் விரிவுரையும் நம் கையில் இருக்கும். அந்த நோட்டும் இருக்கும். தாங்கள் விரும்பும் கிதாபைத் தாங்களும் கொண்டு வாருங்கள். நோட்டில் எந்தப் பக்கம் ஹராம் என்று விரல் வைத்துக் காட்டுங்கள். அந்தப் பக்கத்தை நாமே கிழிக்கிறோம். காட்ட இயலாவிட்டால், புதிய தாளில் சாட்சிக் கையொப்பத்துக்கு ஓர் இடம் இருக்கிறது. பேனா நாம் கொண்டு வருகிறோம்.